நன்றாகச் சாகத் தெரிந்த தொரை

மதுரையில் எத்தனையோ பேர் செத்திருக்கிறார்கள். ஆனால் எங்கள் தொரை மாதிரி அழகாகச் செத்தவர் ஒருத்தரும் கிடையாது. சும்மா சொல்லவில்லை, நானே என் கண்ணால் நூறு தடவைக்குக் குறையாமல் பார்த்திருக்கிறேன். டீக்கடை வாசலில் செத்திருக்கிறார். பள்ளிக்கூட ஆண்டு விழா மேடையில் செத்திருக்கிறார். மழைக்கு ஒதுங்கிய நாலு பேர் கேட்டார்கள் என்று என் கடைப் படிக்கட்டிலேயே ஒரு தடவை செத்துவிட்டு, எழுந்து சட்டையைத் தட்டிக்கொண்டு, "அக்கா, ஒரு தைலம் குடுங்க, இடுப்பு பிடிச்சிக்கிருச்சு" என்று கேட்டிருக்கிறார்.

தொரை ஜெர்மன்காரர். ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் எங்கள் மெடிக்கல் இருக்கிற தெருவில், எதிர் லாட்ஜ் மாடியில் மூலை ரூம் அவருடையது. பாஸ்போர்ட்டில் அவருக்கு ஒரு பேர் இருந்தது. அதைச் சொல்லி முடிப்பதற்குள் பாண்டி அண்ணன் கடை டீ ஆறிப்போகும் என்பதால் யாரும் அந்த வம்புக்குப் போகவில்லை. விசா கணக்குப்படி வருஷத்தில் பாதி நாள் இங்கே, பாதி நாள் அங்கே. தீபாவளிப் புகை அடங்கினதும் வந்து இறங்குவார். சித்திரையில் அழகர் ஆற்றில் இறங்கினதும் இவர் பிளேன் ஏறுவார். அப்பன் வயசுக்காரர் என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார். தெருவே அக்கா என்று கூப்பிடுவதால் அதுதான் என் பேர் என்று முதலில் நினைத்திருந்தாராம்.

அவருடைய ஊரில் அவர் நாடக நடிகர். உடனே பெரிதாகக் கற்பனை செய்துவிடாதீர்கள். அவரே சொல்லுவார்: "நான் அங்க கதவு தொறக்கிற ஆளுக்கா. ராசா வருவாரு, நான் கதவத் தொறப்பேன். ராசா போவாரு, நான் கதவ மூடுவேன். அம்புட்டுதான் என் நடிப்பு."

அப்படிக் கதவு திறந்து மூடி அலுத்துப்போய், கோயில் பார்க்கலாம் என்று மதுரைக்கு வந்தவர் எங்கள் எதிர் லாட்ஜில் தங்கினார். அப்போது சோழவந்தான் பக்கம் வயக்காட்டில் ஒரு சினிமா ஷூட்டிங். வெள்ளைக்காரக் கலெக்டர் வேஷத்துக்கு எங்கிருந்தோ ஒரு இங்கிலீஷ்காரரைக் கூட்டிவந்திருந்தார்கள். அந்த மனுஷன் முதல் நாள் சாயங்காலமே பரோட்டாவையும் சால்னாவையும் ஒரு கை பார்த்துவிட்டு, காலையில் பாத்ரூமை விட்டு வெளியே வர மாட்டேன் என்றுவிட்டார். ஷூட்டிங் ஆள் லாட்ஜ் லாட்ஜாக ஓடி வந்தார். எங்கள் தெருவில் தொரை பனியனைக் காயப்போட்டுக்கொண்டிருந்தார். ஆள் வெள்ளையாக இருந்தார், நிமிர்ந்து நின்றார், வயிறு சரியாக இருந்தது. வேறென்ன வேண்டும்? அப்படியே காரில் தூக்கிப் போட்டுக்கொண்டு போய்விட்டார்கள்.

படத்தில் அவருக்கு ஒரே ஒரு காட்சி. குதிரையில் வருவார். வரி கட்ட முடியாத ஒரு பெரியவரை நெஞ்சில் ஒரு உதை உதைப்பார். ஹீரோ அருவாளோடு பாய்வார். தொரை வயலில் விழுந்து சாவார். இவ்வளவுதான் கதை.

ஆனால் அந்தச் சாவு இருக்கிறதே! மற்ற வில்லன்கள் மாதிரி கத்திக்கொண்டு பொத்தென்று விழமாட்டார். முதலில் கண் இரண்டும் நம்பாது. 'என்னையா வெட்டினாய்?' என்று பார்ப்பார். அப்புறம் ஒரு முழங்கால் மட்டும் மடங்கும். ஒரு கை காற்றில் எதையோ தேடும். தேடினது கிடைக்கவில்லை என்று தெரிந்த பிறகுதான் பக்கவாட்டில், நாற்றுக்கு நோகாமல், மெதுவாகச் சாய்வார். படம் மெட்ராஸில் ஒரு வாரம்கூட ஓடவில்லை. எங்கள் பக்கத்தில் ஊர்த் திருவிழாவுக்கெல்லாம் திரை கட்டிப் போட்டார்கள். லோக்கல் கேபிளில் மத்தியானமானால் அதுதான். ஹீரோ பேர் யாருக்கும் ஞாபகம் இல்லை. தொரை செத்ததை ஒருத்தரும் மறக்கவில்லை.

அதனால் போகிற இடமெல்லாம், "தொரை, ஒரு தடவ செத்துக் காட்டுங்களேன்" என்று கேட்பார்கள். அவரும் முகம் கோணாமல் செத்துக் காட்டுவார். வில்லாபுரத்தில் ஒரு கல்யாண ரிசப்ஷனுக்கு எங்களோடு வந்திருந்தார். பொண்ணோட தாய்மாமன் ஆர்வக்கோளாறில் மைக்கைப் பிடித்து, "இப்ப நம்ம தொரை மேடையில சாவாரு!" என்று அறிவித்துவிட்டார். தொரையும் ஏறினார். பொண்ணு மாப்பிள்ளைக்கு நடுவில் நின்று கண்ணால் நம்பாமல் பார்த்தார், முழங்காலை மடக்கினார், காற்றில் கையை விட்டுத் தேடினார், சாய்ந்தார். பாட்டுக் கச்சேரி நின்றுபோனது. முன்வரிசையில் இருந்த மாப்பிள்ளையின் அத்தை நெஞ்சைப் பிடித்துக்கொண்டு மயங்கிவிட்டார். "மெடிக்கல் அக்காவக் கூப்புடு, மெடிக்கல் அக்காவக் கூப்புடு" என்று ஒரே கூச்சல். நான் பாயாச டம்ளரோடு ஓடினேன். அத்தை கண் விழித்ததும் கேட்ட முதல் கேள்வி, "அந்த வெள்ளக்காரன எடுத்தாச்சா?" என்பதுதான். எடுத்தாச்சு என்று சொல்லி, தொரையைப் பின்வாசல் வழியாகப் பந்திக்குக் கூட்டிப்போனோம். அவர் இரண்டு தடவை சாம்பார் வாங்கினார்.

எல்லோரும் கைதட்டினார்கள் என்று சொல்ல முடியாது. செல்லூரில் துண்டு வாங்கப் போனார் ஒரு தடவை. தறி போட்டிருந்த மனுஷன் இவரை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "ஒனக்குத் துண்டு கிடையாது" என்றார்.

"ஏண்ணே?"

"அந்தப் பெரிய மனுசன நெஞ்சுல மிதிச்சேல்ல? அவரு ஒனக்கு என்னய்யா செஞ்சாரு?"

"அண்ணே, அது நடிப்புண்ணே."

"நடிப்புன்னா மிதிப்பியா?"

தொரை திரும்பி வந்து என் கடை ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். "அக்கா, அவர் கேக்குறது சரிதான? நான் என் ஊர்ல கதவு தொறந்தேன், யாருக்கும் வலிக்கல. இங்க வந்து ஒரு வயசான ஆள ஒதச்சிருக்கேன்" என்றார். அடுத்த வாரம் அந்தத் தறிக்காரரே கடை தேடி வந்து, துண்டை என் கவுண்டரில் வைத்துவிட்டுப் போனார். "சின்னப் புள்ள மாதிரி மொகத்தத் தொங்கப் போட்டுட்டாரு, மனசு கேக்கல" என்றார். அவர் சொன்னதைத் தொரையிடம் நான் சொல்லவில்லை, துண்டை மட்டும் கொடுத்தேன். அதைக் கழுத்தில் போட்டுக்கொண்டு தெருவை மூன்று சுற்றுச் சுற்றினார்.

இன்னொரு விஷயம், அவர் கால். ஆத்தாடி, அது காலா! மதுரைச் செருப்புக் கடை எதிலும் அந்த அளவு கிடையாது. டவுன் பஸ்ஸில் ஏறினால் யார் மேலாவது படாமல் இருக்காது. அந்தப் படத்தில் நடித்து முடித்த புதிதில் ஒரு பூக்காரம்மா மேல் பட்டு, அந்தம்மா பஸ் முழுக்கக் கேட்கிற மாதிரி வாங்கு வாங்கென்று வாங்கிவிட்டது. "கால் பட்டா தொட்டுக் கும்பிடத் தெரியாதா? இம்புட்டு ஒசரம் வளந்திருக்க, ஒங்காத்தா ஒண்ணும் சொல்லித் தரலையா?" என்று கேட்டு, கையைப் பிடித்து இழுத்து, தன் தோளைத் தொட வைத்து, அவர் கண்ணில் ஒத்திக்கொள்ளவும் வைத்தது.

அன்றைக்குப் பிடித்துக்கொண்டார். அதற்கப்புறம் அவர் கால் எதன்மேல் பட்டாலும் கை தானாகப் போகும். மனுஷர் மேல் பட்டால் சரி. என் கடை வாசலில் மருந்து அட்டைப்பெட்டி இருக்கும், அதைத் தொட்டுக் கண்ணில் ஒத்திக்கொள்வார். அரிசி மூட்டை, பழைய பேப்பர்க் கட்டு, எதையும் விடமாட்டார். லாட்ஜ் வாசலில் படுத்திருக்கும் நாய்க்குக்கூட அந்த மரியாதை உண்டு. அது முதலில் பயந்து எழுந்தது. பிறகு பழகிப்போய் ஒரு கண்ணை மட்டும் திறந்து பார்த்துவிட்டுத் தூங்கும். ஆரப்பாளையத்தில் ஏறி வில்லாபுரத்தில் இறங்குவதற்குள் அவர் பஸ்ஸில் ஒரு பூஜையே நடத்தி முடித்திருப்பார்.

சிரிப்பாகச் சொல்லிக்கொண்டு போகிறேன். ஆனால் அவர் ஏன் வருஷா வருஷம் வந்தார் என்பது சிரிப்பு இல்லை.

படம் வந்தபோது நாங்கள்தான் அவரைத் தியேட்டருக்குக் கூட்டிப்போனோம். திரையில் தொரை வந்தார், விசில் பறந்தது. தொரை வாயைத் திறந்தார். "ஏய் மேன்! வரி கட்டு மேன்!" என்று யாரோ ஒருத்தருடைய கீச்சுக்குரல் வந்தது. மெட்ராஸில் யாரையோ வைத்துப் பேசி ஒட்டிவிட்டார்கள். பக்கத்தில் உட்கார்ந்திருந்த தொரை என் வீட்டுக்காரரின் கையைப் பிடித்துக்கொண்டு, இங்கிலீஷில் "ஹூ? ஹூ?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். தன் முகத்தில் இன்னொருத்தர் பேசுவதைப் பார்த்து அவர் அப்படி உடைந்துபோவார் என்று நாங்கள் எதிர்பார்க்கவில்லை.

வெளியே வந்தபோது அந்தப் படத்தின் உதவி இயக்குநர் நின்றுகொண்டிருந்தார். ஒல்லியான பையன். தொரையின் முகத்தைப் பார்த்து இரக்கப்பட்டு, "கவலைப்படாதீங்க சார். நான் டைரக்டர் ஆவேன். அதுல நீங்க உங்க சொந்தக் குரல்ல தமிழ்ப் பேசுவீங்க. நானே கூப்பிடுவேன்" என்றான். லாட்ஜில் போன் இல்லாததால் எங்கள் மெடிக்கல் நம்பரைக் குறித்துக்கொண்டு போனான்.

வாய் வார்த்தையாகச் சொன்னதுதான். சினிமாக்காரர் ஆறுதலுக்கு ஆயிரம் சொல்வார்கள். ஆனால் தொரை அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். தமிழ் பேசக் கற்றுக்கொள்ள வேண்டும் என்று பாண்டி அண்ணன் கடை பெஞ்சில் போய் உட்கார்ந்தார். டீக்கடையில் கற்ற தமிழ் எப்படி இருக்கும்? "என்ன மாப்ள, வெயில் இந்தக் காட்டுக் காட்டுது" என்று ஆரம்பித்தால், கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் நம்ம மேலமாசி வீதி ஆள் பேசுகிற மாதிரிதான் இருக்கும். அவருடைய ஊரில் கதவு திறக்கிற வேலையையும் விட்டுவிட்டார். தினமும் காலையில் நான் கடை ஷட்டரைத் தூக்கும்போதே வந்து நிற்பார்.

"போன் வந்துச்சாக்கா?"

"இன்னும் வரல தொரை."

"சரி. வரும்."

இதைத்தான் வருஷக்கணக்காகப் பேசிக்கொண்டோம். எல்லார் கையிலும் செல்போன் வந்தது. என் வீட்டுக்காரர், "இந்த லேண்ட்லைன் எதுக்குடி, கட்டையில போற சனியன், வெட்டி விட்ருவோம்" என்றார். நான் விடவில்லை. அந்த நம்பரில்தானே அவன் கூப்பிடுவான்? அது செத்துப்போனால் தொரை காலையில் என்னிடம் என்ன கேட்பார்?

ஒருநாள் அந்தச் சனியன் அடித்தது. எதிர்முனையில் ஒரு கனத்த குரல். "மெடிக்கல் ஷாப்பா? அங்க ஒரு ஜெர்மன்காரர் இருந்தாரே, இன்னும் வாராரா?" என்றது. அந்த ஒல்லிப் பையன்தான்! டைரக்டராகிவிட்டானாம். மேலூர்ப் பக்கம் ஷூட்டிங்காம். பழையபடி வெள்ளைக்கார அதிகாரி வேஷம்தான், அதே உதை, அதே சாவு. ஆனால் இந்தத் தடவை சாவதற்கு முன் தமிழில் ஒரு வசனம் உண்டு, அதைத் தொரையின் சொந்தக் குரலிலேயே ஸ்பாட்டில் பதிவு செய்யப் போகிறார்களாம்.

நான் ரிசீவரைக் கவுண்டரில் அப்படியே போட்டுவிட்டுத் தெருவுக்கு ஓடினேன். "தொரை! போன் வந்துருச்சு!" என்று நான் கத்தினது பஸ் ஸ்டாண்டில் ஏறினவர்களையெல்லாம் இறங்கிப் பார்க்க வைத்தது. தொரை டீ கிளாஸைப் பாண்டி அண்ணன் கையில் கொடுத்துவிட்டு, வந்து என் எதிரில் நின்று, என் தலையில் கையை வைத்தார்.

அந்த வாரம் தெரு தெருவாகவே இல்லை. வசனத்தை வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தார்கள். லாட்ஜ் பையனை வைத்து அதை வாசிக்கச் சொல்லிக் கேட்டு மனப்பாடம் செய்தார். எங்களிடம் மட்டும் சொல்ல மாட்டேன் என்றுவிட்டார். "தியேட்டர்ல கேளுங்க." கதவைச் சாத்திக்கொண்டு சொல்லிச் சொல்லிப் பார்ப்பார். கீழே பாண்டி அண்ணன் காதைத் தீட்டிக்கொண்டு நிற்பார், ஒன்றும் விளங்காது. அந்த ஆற்றாமையில் பாண்டி அண்ணன் போய் ஒரு ஃபிளெக்ஸ் அடித்துவிட்டார். மதுரையில் வேறு எதற்குப் பஞ்சம் வந்தாலும் ஃபிளெக்ஸுக்கு வராது. தெருவை அடைத்துக்கொண்டு தொரை குதிரையில் வருகிற படம், கீழே "வசனம் பேச வரும் எங்கள் வைகைக்கரைச் சிங்கமே!" என்று எழுத்து, ஓரத்தில் தெருக்காரர்கள் எல்லோருடைய முகமும் வரிசையாக. ஹீரோ படம் கிடையாது. கேட்டதற்கு, "அவனுக்கு வேணும்னா அவன் தெருவுல வச்சிக்கிறட்டும் தங்கச்சி" என்றார்.

ஷூட்டிங்குக்கு அவரோடு நான் போனேன். கடையை என் வீட்டுக்காரர் பார்த்துக்கொண்டார். தொப்பியும் பூட்ஸும் மீசையும் வைத்து வெளியே வந்த தொரையைப் பார்த்ததும் எனக்கே எழுந்து நிற்கத் தோன்றியது. உதை வாங்குகிற பெரியவராகக் கருப்பையா என்று ஒருவர் வந்திருந்தார். மேலூர்ப் பக்கத்து விவசாயிதான், ஆள் தேவை என்றால் சினிமாவுக்கும் வருவார். தொரையைப் பார்த்துக் கும்பிட்டு, "நல்லா ஒதைங்க தொரை, எனக்கு ஒண்ணும் ஆகாது, உள்ளுக்குள்ள மெத்தை வச்சுக் கட்டிருக்காக" என்று நெஞ்சைத் தட்டிக் காட்டினார்.

கேமரா ஓடியது. தொரை கம்பீரமாக நடந்து வந்தார். காலைத் தூக்கினார். கருப்பையாவின் நெஞ்சில் வைத்தார். கருப்பையா பின்னால் விழுந்தார். தொரை சட்டென்று குனிந்து கருப்பையாவின் தோளைத் தொட்டுக் கண்ணில் ஒத்திக்கொண்டார்.

"கட்!"

டைரக்டர் ஓடி வந்தார். "சார், நீங்க கொடுங்கோலன் சார். ஒதச்ச ஆளத் தொட்டுக் கும்பிடுறீங்க!"

"ஐயையோ, கும்பிட்டேனா? தெரியாம வந்துருச்சு தம்பி. மன்னிச்சிருங்க, இன்னொரு தடவ."

இன்னொரு தடவையும் கை போனது. அதற்கடுத்த தடவையும் போனது. ஒரு உதவி இயக்குநர் யோசனை செய்து, வலது கையில் துப்பாக்கியைக் கொடுத்தார். இடது கையால் தொட்டு ஒத்திக்கொண்டார். இடது கையில் சாட்டையைக் கொடுத்தார்கள். இரண்டு கையும் அடைத்துப்போனதும், உதைத்த உடனே தலையைக் குனிந்து ஒரு கும்பிடு போட்டார். யூனிட்டே விழுந்து விழுந்து சிரித்தது. எனக்கும் சிரிப்பு வந்தது, உடனே அழுகையும் வந்தது, ஏனென்றால் தொரை சிரிக்கவில்லை.

ஒரு தடவை பல்லைக் கடித்துக்கொண்டு எப்படியோ கையை அடக்கிவிட்டார். விரல் மட்டும் லேசாக அசைந்தது, டைரக்டர்கூடப் பார்க்கவில்லை. ஆனால் கருப்பையா பார்த்துவிட்டார். கால் பட்டவர் தொட வரும்போது நாம் சும்மாவா இருப்போம்? கீழே விழுந்து கிடந்த அந்த மனுஷன் அப்படியே கையை உயர்த்தி, "அட, இருக்கட்டும்ங்க தொரை, பரவாயில்ல" என்று சொல்லிவிட்டார்.

டைரக்டர் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார்.

பொழுது சாய ஆரம்பித்தது. டைரக்டர் வந்து தொரையின் கையைப் பிடித்துக்கொண்டார். கெட்டவர் இல்லை அவரும். "சார், நீங்க முன்ன இருந்த ஆளு இல்ல. தப்பா எடுத்துக்காதீங்க. கொடைக்கானல்ல இருந்து வேற ஒருத்தர நாளைக்கு வரச் சொல்லிட்டேன்" என்றார்.

தொரை தொப்பியைக் கழற்றினார். பிறகு மெதுவாக, "தம்பி, அந்த வசனத்த மட்டும் ஒரு தடவ சொல்லட்டுமா? படத்துல போட வேணாம். சும்மா எடுத்துட்டு அழிச்சிருங்க" என்றார்.

டைரக்டர் வானத்தைப் பார்த்தார். "லைட் போயிருச்சு சார்" என்றார்.

வருஷக்கணக்காக என் கடை வாசலில் நின்ற மனுஷன். ஒரு வசனம். அதைச் சொல்லக்கூட விடவில்லை இந்தக் கை. எனக்கு அந்தக் கையின் மேல் அப்படி ஒரு ஆத்திரம்.

திரும்பி பஸ்ஸில் வந்தோம். மீசை ஒட்டின பசை இன்னும் மேலுதட்டில் இருந்தது. கூட்டத்தில் முன்னால் நின்ற ஒருவர் மேல் கால் பட்டது. தொரை உடனே தொட்டுக் கண்ணில் ஒத்திக்கொண்டார். எனக்குச் சுள்ளென்று ஏறிவிட்டது.

"அங்க பண்ணுனது பத்தாதா தொரை? இன்னுமா?"

"என்னத்தக்கா செய்யிறது? கை தானாப் போகுதே" என்று பாவமாகச் சொன்னார். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். பாண்டி அண்ணன் செல்லில் கூப்பிட்டு, "என்ன தங்கச்சி, முடிஞ்சுச்சா?" என்று உற்சாகமாகக் கேட்டார். "வாரோம்ணே" என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டேன்.

தெருமுனையில் எங்களைப் பார்த்ததும் பத்தாயிரம் வாலா வெடித்தது. லாட்ஜிலிருந்து, மெடிக்கலிலிருந்து, பஸ் ஸ்டாண்டிலிருந்து எல்லோரும் வந்து நின்றிருந்தார்கள். செல்லூர்த் தறிக்காரர்கூட வந்திருந்தார், கையில் சால்வையோடு. பாண்டி அண்ணன் மாலையைப் போட்டுத் தொரையைப் பெஞ்சில் ஏற்றிவிட்டார். "வசனம்! வசனம்! இப்பவாவது சொல்லுங்க தொரை!" என்று கூட்டம் கத்தியது.

தொரை என்னைப் பார்த்தார். வேண்டாம் தொரை, நான் சொல்லிக்கொள்கிறேன், இறங்கி வாங்க என்று தலையை ஆட்டினேன். அவர் இறங்கினார். ஆனால் என்னிடம் வரவில்லை. பெஞ்சுக்கு முன்னால் தரையில் நின்று, எங்கள் எல்லோரையும் நம்பாத கண்ணால் பார்த்தார். முழங்காலை மடக்கினார். காற்றில் கையை விட்டுத் தேடினார். வெடித்த பட்டாசுக் குப்பை மேல் மெதுவாகச் சாய்ந்தார். எத்தனையோ தடவை பார்த்ததுதான், இருந்தாலும் தெரு அப்படியே அடங்கிவிட்டது. படுத்தபடியே வாயைத் திறந்தார்.

"என்னைய இங்கனயே பொதைச்சிருங்கய்யா. ஊருக்கு அனுப்பிறாதீங்க."

சினிமாக்காரர் செந்தமிழில் எழுதிக்கொடுத்திருப்பார்கள். அது பாண்டி அண்ணன் கடைத் தமிழாக வந்தது. யாரும் விசில் அடிக்கவில்லை. பாண்டி அண்ணன்தான் முதலில் அசைந்தார். குனிந்து தொரையின் அக்குளில் கைகொடுத்துத் தூக்கி, "யோவ், எந்திரிய்யா. எவன் ஒன்ன அனுப்பப் போறான்? எவன்னு கேக்குறேன்" என்று அதட்டினார். நான் கடைக்குள் ஓடிப்போய் இருமல் மருந்து அலமாரிக்குப் பின்னால் நின்று அழுதேன். ஷூட்டிங்கில் என்ன நடந்தது என்று அப்புறம் நானாகத்தான் எல்லோருக்கும் சொன்னேன். ஃபிளெக்ஸை ஒருத்தரும் கழற்றவில்லை.

அனுப்பத்தான் செய்தோம். விசா நம் பேச்சைக் கேட்குமா? அந்தச் சித்திரையில் அழகரைப் பார்த்துவிட்டுக் கிளம்பினார். படம் வந்தபோது அவர் இங்கே இல்லை. தெரு மொத்தமும் போனோம். கொடைக்கானல் ஆள் வந்தார். கருப்பையாவை ஓங்கி ஒரு உதை விட்டார். விட்டுவிட்டு, ஒன்றும் நடக்காத மாதிரி மீசையை முறுக்கிக்கொண்டு நின்றார். எங்கள் வரிசையிலிருந்து பாண்டி அண்ணன் எழுந்து, "டேய்! கால் பட்டுச்சுல்ல? தொட்டுக் கும்பிடுறா!" என்று கத்தினார். அதற்குப் பிறகு தெருவே எழுந்து கத்தியது. டார்ச் அடித்துக்கொண்டு தியேட்டர்க்காரர்கள் ஓடி வந்தார்கள். அந்த ஆள் என்ன வசனம் பேசிச் செத்தார் என்று எங்களில் ஒருத்தருக்கும் தெரியாது.

தொரைக்கு இப்போது அங்கே முழங்காலில் ஆபரேஷன் செய்திருக்கிறார்கள். பிளேன் ஏறக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டாராம். தீபாவளி இரண்டு தடவை வந்து போய்விட்டது. அவருடைய தங்கச்சி மகள் வீடியோ கால் போட்டுக் கொடுக்கும். போர்வையைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருப்பார், ஜன்னலுக்கு வெளியே எல்லாம் ஒரே வெள்ளையாகக் கிடக்கும். "தெருவக் காட்டுங்கக்கா" என்பார். நான் போனைத் திருப்பிக் காட்டுவேன். ஷேர் ஆட்டோ, கரும்புச்சாறு வண்டி, பாண்டி அண்ணன் கை அசைப்பது, எல்லாவற்றையும் பார்ப்பார்.

போன வாரம் தியேட்டர்க் கதையைச் சொன்னேன். இருமல் வருகிற வரைக்கும் சிரித்தார். சிரித்து முடித்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்டார்.

"அக்கா, அந்த ஆளு நல்லா ஒதச்சானா?"

"நல்லா ஒதச்சான் தொரை."

"ம்" என்றார். நான் போனைத் திருப்பி, பாண்டி அண்ணன் கடை பெஞ்சைக் காட்டினேன்.

"நீங்க வாங்க தொரை. யாரையும் ஒதைக்க வேணாம். சும்மா வந்து உக்காருங்க."